முதல் படமாக ஓல்ட்பாயைப் போடாதீர்கள்: கொரிய க்ரைம் படங்களுக்குள் நுழைய ஒரு வழி

கொரியப் படம் தனக்கு ஒத்து வராது என்று யாராவது சொன்னால், எதில் தொடங்கினீர்கள் என்று கேட்பேன். பெரும்பாலும் ஓல்ட்பாய் என்பார்கள், இல்லாவிட்டால் ஐ சா த டெவில். "பயங்கரமா இருக்கும், பாரு" என்று யாரோ சொல்லி அனுப்பியிருப்பார்கள். ராத்திரி பதினொரு மணிக்குப் போட்டு, அரை மணி நேரத்தில் அணைத்துவிட்டுப் படுத்திருப்பார்கள். இரண்டுமே நல்ல படங்கள்தான். ஆனால் காரம் பழகாதவருக்கு முதல் கவளத்திலேயே பச்சை மிளகாயைக் கடிக்கக் கொடுத்த மாதிரி ஆகிவிடுகிறது.

இந்த வழிகாட்டி 1999 முதல் 2012 வரை தென்கொரியாவில் வந்த க்ரைம், ஆக்‌ஷன், த்ரில்லர் படங்களுக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு. ஆறு படங்கள், ஒரு வரிசை, வாரத்துக்கு ஒன்று. யார் பெரியவர், யார் சின்னவர், யார் யாருக்குக் கட்டுப்பட்டவர் என்ற கணக்கு ஒரு மனிதனை எப்படி நசுக்குகிறது என்பதை இவ்வளவு நெருக்கத்தில் காட்டிய படங்கள் எனக்குத் தெரிந்து குறைவு. தமிழ் பேசி வளர்ந்தவர்களுக்கு அந்தக் கணக்கு சட்டென்று பிடிபடும். கொஞ்சம் காதைத் தீட்டிக்கொண்டால் போதும்.

பார்க்க உட்காரும் முன்

மூன்று சின்ன வேலைகள் இருக்கின்றன. முதலாவது, உங்களிடம் இருக்கும் பிரதியின் நீளத்தைப் பாருங்கள். மெமரீஸ் ஆஃப் மர்டர் இரண்டு மணி பத்து நிமிடத்துக்கு மேல் ஓடும் படம். நான் முதன்முதலில் பார்த்த பிரதியில் இருபது நிமிடம் காணாமல் போயிருந்தது. வருஷக்கணக்காக அது ஏதோ அவசரமாக முடிகிற படம் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன்.

இரண்டாவது, பெயர்கள். கொரியாவில் குடும்பப் பெயர் முன்னால் வரும். சோங் காங்-ஹோ என்றால் சோங் குடும்பம், காங்-ஹோ அவர் பெயர். படத்துக்குள் ஆளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதே குறைவு, பதவியைத்தான் சொல்வார்கள். அதனால் முதல் இருபது நிமிடம் ஆட்கள் குழம்பினால் கவலைப்படாதீர்கள். நடிகர்களை நினைவில் வைப்பதே சுலபமான வழி. சோங் காங்-ஹோ, சோய் மின்-சிக், கிம் யூன்-சியோக், ஹா ஜங்-வூ, லீ ப்யோங்-ஹுன் ஆகிய ஐந்து முகங்கள் பழகிவிட்டால் இந்தக் காலத்துப் படங்களில் பாதி உங்களுக்குத் தெரிந்த ஊர் மாதிரி ஆகிவிடும்.

மூன்றாவது, கொஞ்சம் வரலாறு. தென்கொரியா 1987 வரை ராணுவ சர்வாதிகாரத்தின் கையில் இருந்தது. படங்களை வெளியீட்டுக்கு முன்பே தணிக்கை செய்வது அரசியல் சாசனத்துக்கு எதிரானது என்று அங்கே அரசியல் சாசன நீதிமன்றம் சொன்னது 1996-ல்தான். அடுத்த வருஷமே பெரிய பொருளாதார நெருக்கடி வந்து நாட்டைச் சாய்த்தது. 1998-ல் சியோலில் முதல் மல்டிபிளெக்ஸ் திறந்தது. 1999-ல் காங் ஜே-க்யூ இயக்கிய ஷிரி வந்து, அந்த நாட்டில் டைட்டானிக் வைத்திருந்த சாதனையையே தாண்டி ஓடியது. தியேட்டர்கள் வருஷத்தில் 146 நாட்கள் உள்நாட்டுப் படம் ஓட்டியாக வேண்டும் என்ற விதியும் அப்போது இருந்தது. 2006-ல் அதை 73 நாட்களாகக் குறைத்தார்கள்.

இது ஏன் தெரிய வேண்டும் என்றால், இந்தப் படங்களை எடுத்தவர்களில் பலர் 80-களில் வளர்ந்தவர்கள், தெருவில் கண்ணீர்ப்புகையைப் பார்த்தவர்கள். அவர்கள் படத்தில் போலீஸ் நம்மைக் காப்பாற்ற வருவதில்லை. வந்தாலும் தாமதமாக வரும், இல்லையென்றால் தப்பான ஆளைப் பிடித்து அடித்துக்கொண்டிருக்கும்.

காதைத் தயார் செய்யுங்கள்

டப்பிங் வேண்டாம். கொரிய ஒலியை வைத்துக்கொண்டு சப்டைட்டில் போட்டுப் பாருங்கள். நான் பார்த்த தமிழ் டப்பிங்குகளில் எல்லோரும் எல்லோரையும் "டேய்" என்கிறார்கள். ஆங்கில சப்டைட்டிலோ எல்லோரையும் ஒரே "யூ"வில் அடைத்துவிடும். கொரிய மொழியில் நீ, நீங்கள் வித்தியாசம் நம்மைவிடக் கறாரானது. ஒரு வயது மூத்தவரிடம்கூட வாக்கியத்தின் வால் மாறும்.

பிடித்துக்கொள்ள வேண்டியவை கொஞ்சம்தான். வாக்கியம் "யோ" என்று முடிந்தால் மரியாதை. "ம்னிதா" என்று முடிந்தால் இன்னும் விறைப்பான மரியாதை, ராணுவத்திலும் அலுவலகத்திலும் கேட்பது. இரண்டும் இல்லாமல் மொட்டையாக முடிந்தால் நெருக்கம், அல்லது அவமதிப்பு. "யா!" என்றால் நம் "டேய்!" பதவிக்கோ உறவுக்கோ பின்னால் "நிம்" சேர்ந்தால் மரியாதை கூடுகிறது. "ஹ்யோங்" என்பது ஆண் தன் அண்ணனைக் கூப்பிடும் சொல். "ஹ்யோங்நிம்" என்று ஒரு ரவுடி சொன்னால், சப்டைட்டிலில் "பாஸ்" என்று வரும். அதை மனசுக்குள் "அண்ணே" என்று மாற்றிக்கொள்ளுங்கள். சம்பளம் கொடுக்கும் முதலாளியை விட்டு ஓடலாம், அண்ணனை விட்டு எப்படி ஓடுவது? பாதிப் படங்களின் துயரம் அந்த ஒரு சொல்லுக்குள் இருக்கிறது.

அப்புறம், குழந்தைகள் அப்பாவைக் கூப்பிடும் சொல் அங்கேயும் "அப்பா"தான். முதல் தடவை கேட்கும்போது திடுக்கிடும்.

முதல் வாரம்: மெமரீஸ் ஆஃப் மர்டர்

2003-ல் போங் ஜூன்-ஹோ எடுத்தது. சியோலுக்குத் தெற்கே ஹ்வாசோங் பகுதியில் 1986 முதல் 1991 வரை பத்துப் பெண்கள் கொல்லப்பட்ட உண்மை வழக்கு. படம் வந்தபோது கொலைகாரன் யாரென்று யாருக்கும் தெரியாது. பார்க்கும்போது நீங்களும் அதே நிலையில் இருப்பது நல்லது. முன்கூட்டியே எதையும் தேடிப் படிக்காதீர்கள்.

இதை ஏன் முதலில் வைக்கிறேன் என்றால், மனிதர்கள் வழியாக உள்ளே கூட்டிப்போகும் படம் இது. விளைந்த நெல்வயல், வெயில், ஒரு சின்னப் பையன், வாய்க்கால் மூடிக்கு அடியில் குனிந்து பார்க்கும் ஒரு உள்ளூர் துப்பறிவாளர். அவர் சொல்வதையெல்லாம் பையன் அப்படியே திருப்பிச் சொல்கிறான். சிரிப்பு வருகிறது. அடியில் கிடப்பது என்னவென்று தெரிந்தும் சிரிப்பு வருகிறது. படம் முழுவதும் உங்களை இப்படித்தான் வைத்திருக்கும்.

ஒரு காட்சியை மட்டும் உற்றுப் பாருங்கள். விசாரணை அறையில் மனவளர்ச்சி குன்றிய ஒரு பையனை அடித்து உதைத்து ஒப்புக்கொள்ளச் சொல்கிறார்கள். கொஞ்ச நேரம் கழித்து அதே அறையில், அடித்தவர்களும் அடி வாங்கியவனும் சேர்ந்து கறுப்புச் சாஸ் போட்ட ஜாஜாங்மியோன் நூடுல்ஸ் சாப்பிட்டுக்கொண்டு டிவியில் போலீஸ் தொடர் பார்க்கிறார்கள். தொடரின் இசையோடு சேர்ந்து பாடவும் செய்கிறார்கள். நல்லவன் கெட்டவன் என்று பிரித்துக்கொண்டு பார்க்க உட்கார்ந்த பழக்கம் அந்த இடத்தில் உடையும். அவர்கள் அரக்கர்கள் இல்லை. அந்தக் காலத்தில் அதுதான் வேலை செய்யும் முறை என்று நம்பியவர்கள்.

பின்னால், கொலைகாரன் வரக்கூடிய ஒரு இரவில் காவலுக்குப் படை வேண்டும் என்று கேட்கிறார்கள். ஆள் இல்லை. எல்லோரும் ஆர்ப்பாட்டத்தை அடக்கப் போயிருக்கிறார்கள். மேலே சொன்ன வரலாறு அந்த ஒரு வரியில் வந்து உட்கார்கிறது.

படம் முடித்த பிறகு மட்டும் இந்தப் பத்தியைப் படியுங்கள். 2019-ல் டிஎன்ஏ சோதனையில் ஆள் சிக்கினான். மனைவியின் தங்கையைக் கொன்ற வழக்கில் 1994 முதல் சிறையில் இருந்தவன். ஹ்வாசோங் கொலைகளையும் சேர்த்து பதினான்கு கொலைகளை ஒப்புக்கொண்டான். கொலை வழக்குக்கு அப்போது இருந்த 15 வருஷக் காலவரம்பு 2006-லேயே முடிந்துவிட்டதால் ஹ்வாசோங் கொலைகளுக்காக அவனைத் தண்டிக்க முடியவில்லை. அந்தக் கொலைகளில் ஒன்றுக்காக இருபது வருஷம் சிறையில் கிடந்த வேறொருவரை 2020 டிசம்பரில்தான் நிரபராதி என்று அறிவித்தார்கள். கடைசி ஷாட்டில் சோங் காங்-ஹோ நேராகக் கேமராவைப் பார்ப்பது, கொலைகாரனும் என்றாவது தியேட்டரில் உட்கார்ந்து இதைப் பார்ப்பான் என்று நினைத்து இயக்குநர் வைத்தது. இப்போது மறுபடி அந்த ஷாட்டைப் போட்டுப் பாருங்கள்.

இரண்டாவது வாரம்: தி சேஸர்

நா ஹோங்-ஜின்னின் முதல் முழுநீளப் படம், 2008. இதற்கும் பின்னால் ஒரு உண்மை வழக்கு இருக்கிறது. 2004-ல் சியோலில் பிடிபட்ட தொடர் கொலைகாரன் யூ யங்-சோல்.

வேலையை விட்ட போலீஸ்காரன் ஒருவன் இப்போது பெண்களை வைத்துத் தொழில் செய்கிறான். அவனிடம் இருந்த பெண்கள் ஒவ்வொருவராகக் காணாமல் போகிறார்கள். யாரோ அவர்களை விற்றுவிட்டான் என்று நினைத்துக் கோபப்படுகிறான், பயப்படவில்லை. காய்ச்சலில் கிடக்கும் ஒரு பெண்ணை வற்புறுத்தி அனுப்பிய பிறகுதான், கடைசியாக அழைத்த எண் எல்லோருக்கும் ஒன்றே என்று தெரிகிறது. 4885 என்று முடியும் எண்.

வழக்கமான த்ரில்லரில் கொலைகாரனைப் பிடிப்பது கடைசியில் வரும். இதில் முதல் பாதிக்குள்ளேயே பிடித்துவிடுகிறார்கள். காவல் நிலையத்தில் உட்கார்ந்து, விற்கவில்லை, கொன்றேன் என்று அவனே சாதாரணமாகச் சொல்லிவிடுகிறான். பிறகு என்ன கதை? ஆதாரம் இல்லை. வாரன்ட் இல்லாமல் பன்னிரண்டு மணி நேரம்தான் வைத்திருக்க முடியும். அதே நாளில் சந்தைக்கு வந்த மேயர்மேல் ஒருவன் மலத்தை வீசியிருக்கிறான், போலீஸின் கவலை முழுக்க அந்த மானப் பிரச்சினையில். அந்தப் பெண் இன்னும் உயிரோடு இருக்கலாம் என்று நமக்கு மட்டும் தெரியும். இந்தப் படத்தில் நகம் கடிக்கவைப்பது துரத்தல் இல்லை, அலுவலக நடைமுறை.

துரத்தலும் உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன். மாங்வொன் பகுதி என்று கதை சொல்லும் மேட்டுச் சந்துகளில் இரண்டு பேர் ஓடுகிறார்கள். மூச்சு வாங்குகிறது, வழுக்குகிறது, படியில் தடுக்குகிறது. ஓட்டப்பந்தய வீரர்கள் மாதிரி இல்லாமல், வாழ்க்கையில் ஓடியே பழக்கமில்லாதவர்கள் மாதிரி ஓடுகிறார்கள். அந்த முன்னாள் போலீஸ்காரனாக வரும் கிம் யூன்-சியோக், கொலைகாரனை அந்த 4885-ஐயே பெயராக வைத்து, "யா" போட்டு, மொட்டையாகக் கூப்பிடும் இடம் ஒன்று வரும். காதைத் தீட்டி வைத்திருந்தால் அங்கே பலன் தெரியும்.

கத்தி ஏன், துப்பாக்கி எங்கே?

இரண்டு படம் முடிந்ததும் இந்தக் கேள்வி வந்திருக்கும். தென்கொரியாவில் தனியார் துப்பாக்கி வைத்திருப்பது மிகக் கடுமையான கட்டுப்பாட்டில் இருக்கிறது. வேட்டைத் துப்பாக்கியைக்கூடக் காவல் நிலையத்தில் வைத்துவிட்டு, பருவத்தில் கேட்டு வாங்க வேண்டும். அதனால் படங்களில் மீன் வெட்டும் கத்தி, பேஸ்பால் மட்டை, சுத்தியல், இரும்புக் குழாய். தி சேஸர் இயக்குநரின் தி யெல்லோ சீ படத்தில் கோடாலி, கூடவே கறி தின்று மிச்சம் வைத்த பெரிய எலும்பு. எதிரியைக் கொல்ல அவன் மூச்சு முகத்தில் படும் தூரத்துக்குப் போயாக வேண்டும். சண்டைகள் அழகில்லாமல், களைப்பாக, நீளமாக இருப்பதற்கு இதுதான் காரணம். இந்தப் படங்களில் ஒரு துப்பாக்கி வெளியே வந்தால் நிமிர்ந்து உட்காருங்கள், அதற்கு அர்த்தம் இருக்கும்.

மூன்றாவது வாரம்: எ பிட்டர்ஸ்வீட் லைஃப்

கிம் ஜீ-வூன், 2005. கொரியத் தலைப்புக்கு இனிமையான வாழ்க்கை என்றுதான் அர்த்தம். கசப்பைச் சேர்த்தது ஆங்கிலம்.

ஏழு வருஷமாக ஒரு கும்பல் தலைவருக்கு நாயாக உழைத்து, அவருடைய ஹோட்டலைக் கவனித்துக்கொள்ளும் ஆள், லீ ப்யோங்-ஹுன். தலைவர் வெளியூர் போகும்போது தன் இளம் காதலியை மூன்று நாள் கண்காணிக்கச் சொல்கிறார். வேறு யாருடனாவது பழகினால் முடித்துவிட வேண்டும். இவன் ஒரு நொடி மனம் இளகி, விட்டுவிடுகிறான். அவ்வளவுதான் குற்றம். அதற்கு வரும் தண்டனையின் அளவு உங்களைத் திகைக்கவைக்கும்.

நான் சொன்ன அந்தக் காது விஷயத்துக்கு இதைவிட நல்ல பாடம் கிடையாது. எல்லாம் கைமீறிப் போன பிறகு, அவன் தலைவர் முன்னால் துப்பாக்கியோடு நின்று, எனக்கு ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று கேட்கிறான். துப்பாக்கியை நீட்டிக்கொண்டு "யோ" போட்டு, தன்னைத் தாழ்த்திச் சொல்லும் "நான்" போட்டு, "செய்தீங்க" என்று கேட்கிறான். தலைவர் "நீ"யில் பதில் சொல்கிறார். பேச்சு போகப் போக இவனுடைய மரியாதை உடைகிறது. சப்டைட்டிலை மட்டும் படிக்கிறவருக்கு அது பழிவாங்கும் காட்சி. கேட்கிறவருக்கு, அண்ணன் கைவிட்ட தம்பியின் அழுகை. நான் இந்தக் காட்சியைக் கண்ணை மூடிக்கொண்டு ஒருமுறை கேட்டேன். நீங்களும் செய்து பாருங்கள்.

நான்காவது வாரம்: தி மேன் ஃப்ரம் நோவேர்

இங்கே கொஞ்சம் மூச்சு விடலாம். 2010-ல் கொரியாவில் அதிகம் ஓடிய உள்நாட்டுப் படம் இது. அடகுக்கடை வைத்திருக்கும் யாரோடும் ஒட்டாத ஆள், பக்கத்து வீட்டுச் சிறுமி, அவளைக் கடத்தும் கும்பல். கதை உங்களுக்குப் பழக்கமானது, வேகமானது, கடைசிக் கத்திச் சண்டை மிகச் சுத்தமாக எடுக்கப்பட்டது. கொரியத் தலைப்பு "அஜொஷி". அதாவது மாமா, அங்கிள். அக்கம்பக்கத்து ஆளைக் குழந்தைகள் கூப்பிடும் சொல். தலைப்பை அப்படியே வைத்துக்கொண்டு பார்த்தால் படம் யாருடைய கண்ணில் நடக்கிறது என்பது மாறிவிடும்.

ஐந்தாவது வாரம்: நேம்லெஸ் கேங்ஸ்டர்

யூன் ஜோங்-பின், 2012. காலத்தால் கடைசி, ஆனால் கதை 80-களின் பூசான் துறைமுகத்தில் தொடங்கி, 1990 அக்டோபரில் அதிபர் ரோ டே-வூ குற்றங்கள் மீது போர் அறிவித்த நாட்களில் வந்து நிற்கிறது. எனக்கு மிகவும் பிடித்த படம், கொஞ்சம் விரித்துச் சொல்வதற்கு மன்னிக்கவும்.

சோய் மின்-சிக் லஞ்சம் வாங்கும் ஒரு சுங்க அதிகாரி. கைக்கு வந்த போதைப்பொருளை விற்க, ஹா ஜங்-வூ நடிக்கும் ரவுடித் தலைவனிடம் போகிறார். பேச்சுவாக்கில் அவனுக்கும் இவரைப் போலவே சோய் என்பதுதான் குடும்பப் பெயர் என்று தெரிகிறது. எந்த ஊர் சோய்? கியோங்ஜூ சோய். எந்தக் கிளை, எத்தனையாவது தலைமுறை? கணக்குப் போட்டுப் பார்த்தால் இவர் அவனுக்குத் தாத்தா முறை! உடனே நீ, வா, போ என்று ஆரம்பிக்கிறார், அடி வாங்குகிறார். விடவில்லை. அவனுடைய அப்பாவைப் போய்ப் பார்த்து, உறவைச் சொல்லி, அந்த ரவுடியைத் தன் காலில் விழவைக்கிறார். அதற்கப்புறம் அவன் அவரை "தேபூ-நிம்" என்று கூப்பிடுகிறான். தாத்தா முறை உறவினரைக் குறிக்கும் அந்தச் சொல்லும், காட்ஃபாதருக்கான கொரியச் சொல்லும் உச்சரிப்பில் ஒன்றே.

கல்யாண வீட்டில் பக்கத்தில் உட்கார்ந்த பெரியவர் "நீங்க எந்த ஊரு, யாரு வீடு?" என்று கேட்டு, மூன்று நிமிடத்தில் நம்மைப் பேரனாக்கிவிடுவார் அல்லவா, அதே கணக்கு. இங்கே அது தொழில். அந்த மனிதரிடம் தைரியம் இல்லை, சண்டை போடத் தெரியாது. அவர் வைத்திருக்கும் துப்பாக்கியில் தோட்டா கிடையாது. ஆனால் அவருடைய நோட்டுப் புத்தகம் முழுக்க, தெரிந்தவர்களின் தொலைபேசி எண்கள் இருக்கின்றன. அரசு வழக்கறிஞர்வரை போகும் அந்தச் சொந்தபந்தம், கத்தியைவிட ஆழமாக இறங்குகிறது.

ஆறாவது வாரம்: ஓல்ட்பாய்

இப்போது போடலாம். பார்க் சான்-வூக் 2003-ல் எடுத்தது, 2004 கான் விழாவில் இரண்டாவது பெரிய விருதான கிராண்ட் பிரீ வாங்கியது. ஒருவனைக் காரணம் சொல்லாமல் 15 வருஷம் ஒரு அறையில் அடைத்துவைத்து, தினமும் பொரித்த மாண்டு கொழுக்கட்டையைச் சாப்பிடக் கொடுக்கிறார்கள். வெளியே வந்ததும் அவன் கையில் இருக்கும் ஒரே தடயம் நாக்கில் இருக்கும் அந்த ருசி. கடை கடையாகப் போய்க் கொழுக்கட்டையைக் கடித்துப் பார்த்தே தன்னை அடைத்த இடத்தைக் கண்டுபிடிக்கிறான். பிறகு வரும் நடைக்கூடச் சண்டை, வெட்டாமல் ஒரே ஷாட்டில், பக்கவாட்டில் நகரும் கேமராவில் எடுக்கப்பட்டது. மூன்று நாள், பதினேழு முயற்சி. சோய் மின்-சிக் நடுவில் சுவரில் சாய்ந்து மூச்சு வாங்குவதைப் பார்க்கும்போது அது தெரியும்.

ஒரு எச்சரிக்கை. கதையின் மையத்தில் இருக்கும் ரகசியம் குடும்ப உறவு சம்பந்தப்பட்டது, பலருக்குத் தாங்காது. வீட்டில் பெரியவர்கள், குழந்தைகள் இருக்கும்போது போட வேண்டாம். இந்த வரிசையில் இருக்கும் எல்லாப் படங்களிலும் பெண்கள் மீதான வன்முறை ஏதோ ஒரு அளவில் இருக்கிறது. அது உங்களைப் பாதிக்கும் என்றால் மூன்றாவது, ஐந்தாவது வாரப் படங்களை முதலில் எடுத்துக்கொள்ளுங்கள்.

அதற்கப்புறம்

வட்டார வழக்கு பிடித்திருந்தால் 2001-ல் வந்த ஃப்ரெண்ட். பூசான் பேச்சு, பள்ளி நண்பர்கள் நாலு பேர், எண்பது லட்சத்துக்கு மேல் பேர் பார்த்த படம். வடிவத்தில் ஆர்வம் இருந்தால் லீ ம்யோங்-சேயின் நோவேர் டு ஹைட், 1999. பூசானின் நாற்பது படிக்கட்டில், மஞ்சள் இலைகள் உதிர, மழையில் நடக்கும் ஒரு கொலை அதில் இருக்கிறது. கொரியப் போர்க்காலத்தில் அகதிகள் கூடி நின்ற இடம் அந்தப் படிக்கட்டு. போங் ஜூன்-ஹோ பிடித்திருந்தால் 2009-ல் அவர் எடுத்த மதர். ஐ சா த டெவிலை எல்லாவற்றுக்கும் பிறகு வையுங்கள். கொரியாவிலேயே படங்களுக்கு வயதுத் தரம் கொடுக்கும் வாரியம் சும்மா விடாமல், வெட்டிய பிறகுதான் தியேட்டருக்கு அனுமதித்தது.

ஆறும் முடிந்த ஒரு ராத்திரி, மெமரீஸ் ஆஃப் மர்டரின் முதல் ஐந்து நிமிடத்தை மட்டும் சப்டைட்டிலை அணைத்துவிட்டுப் போடுங்கள். அந்தத் துப்பறிவாளர் வாக்கியங்களை எப்படி முடிக்கிறார், பையன் அதை எப்படித் திருப்பிச் சொல்கிறான் என்று கேளுங்கள்.